தள்ளுமா, இழுக்குமா

ஆகஸ்டு 2, புதன்

மூன்று இட்லி, தேங்காய்ச் சட்னி. பதினோரு மணிக்கு மாதுளம் சாறு. மதியம் ரசம் சோறு, அவரைக்காய்ப் பொரியல். இதை எழுதி வைப்பதால் மனித குலத்துக்கு என்ன லாபம் என்று தெரியவில்லை. ஆனால் டாக்டர் கிஷோர் சொல்லிவிட்டார்: "தினமும் கையால எழுதுங்க சார். என்ன சாப்பிட்டீங்கன்னு எழுதினாக்கூடப் போதும்." அவருக்கு என் மகளைவிட வயது குறைவு. இருந்தாலும் அவர் பேச்சை நான் கேட்டாக வேண்டும். என் மண்டைக்குள் எட்டிப் பார்த்த ஒரே ஆள் அவர்தான்.

நடந்தது இதுதான். ஜூன் மாதம் குளியலறையில் வழுக்கி விழுந்தேன். தலையில் ஒரு புடைப்பு. ஐஸ் வைத்தேன், அதோடு மறந்துவிட்டேன். ஜூலையில் வலது கை மரத்துப்போக ஆரம்பித்தது. ஒரு நாள் சாப்பிடும்போது ராணியிடம் உப்பு கேட்க நினைத்து சாக்பீஸ் கேட்டேன். அவள் அன்றைக்கே ஆஸ்பத்திரிக்கு இழுத்துக்கொண்டு போனாள். மண்டை ஓட்டுக்கும் மூளைக்கும் நடுவே ரத்தம் கசிந்து தேங்கியிருந்ததாம். துளை போட்டு வடித்துவிட்டார்கள். இனிமேல் பயமில்லை என்கிறார் டாக்டர். எனக்கும் பயமில்லை. அதையும் இங்கே எழுதி வைக்கிறேன்.

ஆகஸ்டு 3, வியாழன்

தோசை இரண்டு. கையெழுத்து நேற்றைவிடப் பரவாயில்லை. பயமில்லை.

ஆகஸ்டு 6, ஞாயிறு

ஆராதனைக்கு ராணி மட்டும் போனாள். நான் பால் பாக்கெட் வாங்கக் கீழே இறங்கியபோது லிஃப்டில் மூன்றாம் மாடி பாஸ்கரிடம் மாட்டிக்கொண்டேன். என் தலையின் ஒரு பக்கம் மட்டும் மழித்திருப்பதைப் பார்த்துவிட்டு, "திருப்பதியா சார், பழனியா?" என்றார்.

"பாதி மொட்டையை எந்தச் சாமி ஏத்துக்கிடும்? ஆஸ்பத்திரிக்குப் போட்டது" என்றேன்.

"ராக்கெட் டென்ஷன் சார் உங்களுக்கு" என்று அனுதாபப்பட்டார்.

பாஸ்கரைப் பொறுத்தவரை பிசிக்ஸ் என்றால் ராக்கெட். நான் ராக்கெட்டைத் தொலைக்காட்சியில் மட்டுமே பார்த்திருக்கிறேன் என்று பல தடவை சொல்லியாயிற்று, அடக்கம் என்று நினைத்துக்கொள்கிறார். பாளையங்கோட்டையில் படித்துவிட்டுச் சென்னைக்கு வந்து, நடுவில் இரண்டு வருஷம் இத்தாலியில் குளிர்ந்துவிட்டு, மறுபடியும் சென்னை. இத்தனை வருஷமும் நான் செய்தது தாளும் பேனாவும் கரும்பலகையும் வைத்துக்கொண்டு கணக்குப் போட்டது. கோட்பாட்டு இயற்பியல் என்பது அதுதான். எங்கள் ஆட்கள் இயந்திரத்தைத் தொடுவதில்லை. நான் மிக்சியைத் தொட்டாலே ராணி ஓடி வருவாள்.

ராணி என்கிற செல்வராணி என் மனைவி. பள்ளித் தலைமை ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றாள். அந்தச் செய்தி பள்ளிக்குப் போய்ச் சேர்ந்திருக்கிறது. வீட்டுக்கு இன்னும் வரவில்லை.

ஆகஸ்டு 9, புதன்

ஆஸ்பத்திரியில் என் மூளைக்கு ஒரு பரீட்சை வைத்தார்கள். நூறிலிருந்து ஏழு ஏழாகக் கழிக்கச் சொன்னார்கள். கடிகாரம் ஒன்று வரையச் சொன்னார்கள். வரைந்ததும் பரீட்சை வைத்த பெண் கைதட்டினாள். அவள் நல்ல பெண்தான். இருந்தாலும் எனக்குக் கோபம் வந்தது. கடிகாரம் வரைகிற தலையா இது?

எனக்கு வேண்டிய பரீட்சையை நானே வைத்துக்கொள்வது என்று இன்று முடிவு செய்தேன். எண்பத்தொன்பதில் நானும் என் நண்பன் கோதண்டராமனும் சேர்ந்து போட்ட கணக்கு. அதை வைத்துத்தான் உலகத்தில் நாலு பேருக்கு என் பெயர் தெரியும். ஒன்றுமே இல்லாத வெற்றிடத்தில் இரண்டு மெல்லிய தகடுகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால், அந்த வெற்றிடமே அவற்றின்மேல் ஒரு விசையைச் செலுத்தும். பக்கத்தில் பெரிய ஈர்ப்பு ஒன்று இருந்தால் அந்த விசையோடு இன்னொரு சின்னஞ்சிறு விசை சேரும். அது தகடுகளை விலக்கித் தள்ளுமா, சேர்த்து இழுக்குமா என்பதுதான் கேள்வி. தள்ளும் என்று நாங்கள் சொன்னோம். அதை அளக்கிற கருவி இன்னும் பிறக்கவில்லை. எங்கள் பெயரைப் போட்டு அதை அழைக்கிறார்கள். டிசம்பரில் பெங்களூரில் நடக்கிற மாநாட்டில் இதைப் பற்றித் தொடக்க உரை ஆற்ற என்னைக் கூப்பிட்டிருக்கிறார்கள்.

அச்சான கட்டுரையைத் திறக்காமல் முதலிலிருந்து போடுவேன். தள்ளு என்று விடை வந்தால் மண்டை சரி. ராணிக்குச் சொல்ல வேண்டியதில்லை.

கோதண்டம் பக்கத்தில் இருந்தால் இந்நேரம் ஒரு சண்டை ஆரம்பித்திருப்பான். எங்கள் துறையில் ஒரு பழைய தொல்லை உண்டு. காலத்தையும் வெளியையும் சேர்த்து அளக்கும்போது ஒன்றுக்கு ப்ளஸ் போட்டால் மற்றதற்கு மைனஸ் போட வேண்டும். எதற்கு எது என்பது அவரவர் வழக்கம். விடை ஒன்றுதான், ஆனால் கடைசிவரை ஒரே வழக்கத்தில் போக வேண்டும். நான் காலத்துக்கு மைனஸ் போடுகிறவன். அவன் ப்ளஸ். "காலத்துக்குப் போய் மைனஸ் போடுவானாடா ஒருத்தன்?" என்று காண்டீனில் எல்லார் முன்னாலும் கேட்பான். மற்றபடி தங்கமான மனுஷன்.

ஆகஸ்டு 11, வெள்ளி

கணக்கு முடிந்தது. இழுக்கிறது.

எங்கேயோ ஒரு மைனஸைத் தவற விட்டிருப்பேன். முதல் தடவைதானே. மதியம் சுரைக்காய்க் கூட்டு.

ஆகஸ்டு 12, சனி

மறுபடியும் இழுக்கிறது.

ஆகஸ்டு 14, திங்கள்

ராணியைப் பற்றி ஒன்று எழுத வேண்டும். கொஞ்ச நாளாக அவளுக்கு மறதி. காலையில் காபியைக் கையில் கொடுத்துவிட்டு, "இன்னைக்கு என்ன கிழமை அத்தான்?" என்று கேட்கிறாள். தினமும். பள்ளியில் ஆயிரம் பிள்ளைகளின் பெயரை மனப்பாடமாக வைத்திருந்தவள். நேற்று, "நம்ம பொண்ணு கல்யாணம் எந்த வருசம்?" என்றாள். பெற்ற தாய் கேட்கிற கேள்வியா இது?

பதில் சொல்லிவிடுகிறேன். கடிந்து பேசுவதில்லை. அறுபத்து நாலு வயதாகிறது, பாவம். என் ஆஸ்பத்திரி அலைச்சலில் அவள் தூக்கம் கெட்டிருக்கும். அடுத்த தடவை டாக்டரைப் பார்க்கும்போது தனியாக ஒரு வார்த்தை சொல்லி வைக்க வேண்டும்.

ஆகஸ்டு 17, வியாழன்

வீட்டில் இன்று ஒரு வினோதம். வழக்கம்போலக் கிழமை கேட்டாள். "வியாழன்" என்றேன். அவள் முகம் வெளுத்துவிட்டது. காபி டம்ளரை வாங்காமலே அடுக்களைக்குள் போனாள். குழாயைத் திறந்து விட்டுக்கொண்டு வெகுநேரம் நின்றாள். பாத்திரம் தேய்க்கிற சத்தமே வரவில்லை. என்ன ஏது என்று கேட்டால், "ஒண்ணுமில்ல, நீங்க சும்மா படுங்க" என்கிறாள். அப்பளம் கருகுகிற வாசனை வந்தது.

கொஞ்ச நேரம் கழித்துப் பேப்பர்காரர் பேப்பரை வீசினார். அவள் அதை எடுத்து முதல் பக்கத்தைப் பார்த்தாள். பார்த்தவள் சுவரில் சாய்ந்துகொண்டு தனக்குத்தானே சிரித்தாள். அப்படிச் சிரிக்கிற மாதிரி நாட்டில் எந்தச் செய்தியும் இல்லை, நானும் வாங்கிப் படித்தேன். மதியம் கேசரி கிண்டினாள், முந்திரி நிறையப் போட்டு. எதற்குக் கேசரி என்று நான் கேட்கவில்லை. இந்த நிலைமையில் அவளைத் துருவக் கூடாது.

ஆகஸ்டு 20, ஞாயிறு

நாலு தடவை போட்டாயிற்று. பேனாவில் போட்டேன், பென்சிலில் போட்டேன். சுற்றுவழியில் ஒரு தடவை போட்டேன். நாலு தடவையும் இழுக்கிறது. நேற்று அச்சான கட்டுரையைத் திறந்து பக்கத்தில் வைத்துக்கொண்டேன். அதில் தள்ளுகிறது. என் பிழை எந்த வரியில் என்று வரிவரியாகத் தேடினேன். கிடைக்கவில்லை. அதுதான் என்னைக் கலங்கடிக்கிறது. பிழை செய்வது எனக்குப் புதிதல்ல, கணக்குப் போடுகிறவனுக்கு அது அன்றாடம். பிழையைக் கண்டுபிடிக்க முடியாமல் போவதுதான் புதிது. தேடுகிற கண்ணும் அதே ஓட்டை மண்டையில்தானே இருக்கிறது.

கட்டுரை தப்பாக இருக்க முடியாது. முப்பது வருஷத்துக்கு மேலாக அமெரிக்காவிலும் ஜப்பானிலும் எங்களுடைய ஏழாவது சமன்பாட்டை எடுத்துக்கொண்டு அதற்கு மேலே மாடி மாடியாகக் கட்டியிருக்கிறார்கள். அவ்வளவு பேரும் தப்பு, தலையில் துளை போட்டுக்கொண்டு வந்த ஞானதிரவியம் மட்டும் சரி என்று எந்த முட்டாள் சொல்வான்?

இங்கே யாரும் பார்க்கப் போவதில்லை, சொல்லிவிடுகிறேன். எனக்குப் பயமாக இருக்கிறது. கால் போயிருந்தால் சக்கர நாற்காலியில் உட்கார்ந்து கணக்குப் போட்டிருப்பேன். கண் போயிருந்தால் யாரையாவது வாசிக்கச் சொல்லியிருப்பேன். என்னிடம் இருந்த ஒரே கருவி இதுதான்.

தாள்களையெல்லாம் பீரோ மேல், பழைய காலண்டர்களுக்கு அடியில் வைத்திருக்கிறேன்.

ஆகஸ்டு 23, புதன்

சாயங்காலம் நம் நாட்டு விண்கலத்தை நிலாவில் இறக்கிவிட்டார்கள். பார்த்துக்கொண்டிருந்த எனக்கும் கண் கலங்கிவிட்டது. அதற்குள் குடியிருப்பு வாட்ஸாப்பில் என் படத்தைப் போட்டு, "நம் பிளாக்கின் பெருமை" என்று பாஸ்கர் வாழ்த்துச் செய்தி அனுப்பியிருக்கிறார். மொட்டை தெரிகிற படம். இரண்டாம் மாடியிலிருந்து ஒரு டப்பா லட்டு வந்தது. செய்யாத வேலைக்கு லட்டு. செய்த வேலையை இப்போது என்னால் திரும்பச் செய்ய முடியவில்லை.

லட்டு நன்றாகத்தான் இருந்தது. இரண்டு தின்றேன்.

ஆகஸ்டு 25, வெள்ளி

ஓய்வு பெற்ற பிறகும் எங்கள் ஆய்வு நிறுவனத்தில் எனக்கென்று ஒரு அறை விட்டு வைத்திருக்கிறார்கள். ஒரு சுவர் முழுக்கக் கரும்பலகை. இன்று இயக்குநர் பத்மலோசனிக்கு ஃபோன் செய்தேன்.

"அறையை ஒப்படைச்சுடறேன்மா. புதுசா வர்றவங்களுக்கு இடம் வேணுமில்ல."

"அவசரமே இல்ல சார். உடம்பு தேறட்டும். உங்களுக்கில்லாத இடமா?"

"உடம்பு தேறிட்டுதும்மா."

அதற்கு மேல் எப்படிச் சொல்வது? செப்டம்பர் எட்டாம் தேதி வெள்ளிக்கிழமை சாவியைக் கொண்டுவந்து தருவதாகச் சொன்னேன். தொடக்க உரைக்கும் வேறு ஆளைப் பார்க்கச் சொல்லிவிட வேண்டும், அதையும் அன்றைக்கே. தப்பான விடையைக் கையில் வைத்துக்கொண்டு மேடை ஏறி வழிய எனக்கு விருப்பமில்லை.

ஃபோனை வைத்துவிட்டுத் திரும்பினால் ராணி வாசலில் நிற்கிறாள். துணி மடிக்கிறாளாம். கையில் துணி இல்லை.

ஆகஸ்டு 28, திங்கள்

ஆஸ்பத்திரி. நுழைகிற கண்ணாடிக் கதவின் முன்னால் நின்று தள்ளுவதா இழுப்பதா என்று யோசித்தேன். எனக்குப் பின்னால் வரிசையே சேர்ந்துவிட்டது. இரண்டு பக்கமும் திறக்கிற கதவாம். அப்படிப்பட்ட கதவுதான் இனி எனக்கு லாயக்கு.

ஸ்கேன் சுத்தமாக இருக்கிறது என்றார் டாக்டர் கிஷோர். ராணி மாத்திரை வாங்கப் போன நேரத்தில் நாற்காலியை அவர் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டேன்.

"டாக்டர், என் வீட்டம்மாவைக் கொஞ்சம் பாக்கணும். மறதி அதிகமா இருக்கு. தினம் கிழமை கேக்குறா. பொண்ணு கல்யாண வருசம்கூட மறந்துபோச்சு."

டாக்டர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். பிறகு மேஜையில் தலை வைத்துச் சிரித்தார். படித்த மனுஷன் அப்படிச் சிரிக்கக் கூடாது.

"சார், நான்தான் கேக்கச் சொன்னேன். உங்களைச் செக் பண்றதுக்கு. தினம் ஒரு கேள்வி, பரீட்சைன்னு தெரியாம கேளுங்கன்னு சொன்னேன். மேடம் கரெக்டா எனக்கு ரிப்போர்ட் அனுப்புறாங்க."

ஆட்டோவில் வரும்போது அவளோடு பேசவில்லை. ஒரு மாசமாக என் வீட்டிலேயே நான் பரீட்சை எழுதிக்கொண்டிருக்கிறேன். எனக்குத் தெரியாமல்! இதில் நான் அவளுக்காக இரக்கப்பட்டுப் பாதி ராத்திரி விழித்திருந்தது வேறு.

ஆகஸ்டு 29, செவ்வாய்

காலையில் காபி வந்தது, கேள்வி வரவில்லை. என் முகத்தைப் பார்த்தே டாக்டர் உளறிவிட்டார் என்று அவளுக்குத் தெரிந்திருக்கும். பத்து மணிவரை தம் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். முடியவில்லை.

"எத்தனை மார்க்கு?" என்று கேட்டேன்.

வெண்டைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தவள் நிமிரவில்லை. "எல்லாம் சரியாத்தான் சொன்னீங்க."

"எல்லாமா?"

"ஒரு நாளு மட்டும் தப்பாச் சொல்லிட்டீங்கன்னு நெனச்சு என் உசுரே போயிட்டு. புதங்கிழமைய வியாழன்னு சொல்லுதாரே, மறுபடி ரத்தம் கட்டிட்டோன்னு... குழாயத் தொறந்து வச்சுக்கிட்டு அழுதேன். டாக்டருக்கு ஃபோன் பண்ண நம்பரத் தேடுதேன், கெடைக்கல. அப்புறம் பேப்பர் வந்துது. பாத்தா வியாழந்தான். நாந்தான் தப்பு. செவ்வாக்கிழமை சுதந்திர தினத்துக்கு லீவு விட்டானுவல்ல, எனக்கு வாரமே குழம்பிட்டு." வெண்டைக்காய்க் காம்பை ஒதுக்கினாள். "கேள்வி கேக்கவங்ககிட்ட இருக்க விடையே தப்பா இருந்தா, எழுதுத பிள்ளை என்ன செய்யும், பாவம்!"

நான் அவளையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

"என்ன அத்தான்?"

"ஒண்ணுமில்ல. இன்னொரு தடவ சொல்லு."

"எதை?"

"கடைசியாச் சொன்னதை."

சொன்னாள். நான் எழுந்து போய்க் கோதண்டத்துக்கு ஃபோன் செய்தேன். அவன் ஓய்வு பெற்றுப் பெங்களூரில், மல்லேஸ்வரத்தில் இருக்கிறான். முட்டு வலி.

"கோதண்டம், நம்ம எண்பத்தொன்பது கணக்கை மொதல்லேருந்து நீ தனியாப் போடு. உன் வழக்கப்படியே போடு. பேப்பரைத் திறந்து பாக்காதே."

"எதுக்குடா இப்போ? நோக்கு உடம்பு சரியில்லேன்னா செத்த ரெஸ்ட் எடுத்துக்கப்படாதோ?"

"டிசம்பர் உரைக்கு வேணும்."

"பொய் சொல்றே."

"ஆமா, பொய்தான். நீ போடு."

"சரிடா" என்றான்.

என் விடை என்ன என்று நான் சொல்லவில்லை. சொன்னால் அது பரீட்சை ஆகாது.

செப்டம்பர் 2, சனி

கோதண்டத்திடமிருந்து ஒன்றுமில்லை. கீரை ஆய்ந்தேன். அவன் எப்போதும் நிதானம்தான்.

தள்ளு என்று அவனுக்கு வந்தால் முடிந்தது. அதற்கு என்னைத் தயார் செய்துகொள்கிறேன். ஓய்வில் மனிதர்கள் என்னென்னவோ செய்கிறார்கள். பாஸ்கர் மாடித்தோட்டம் போட்டிருக்கிறார். கத்தரிக்காய் காய்க்கிறதாம்.

செப்டம்பர் 5, செவ்வாய்

ஆசிரியர் தினம். ராணிக்குக் காலையிலிருந்து ஃபோன் ஓயவில்லை. பழைய பிள்ளைகள். நான் கோதண்டத்துக்கு மூன்று தடவை அடித்தேன், எடுக்கவில்லை. சாயங்காலம் ராணி பால்கனிக் கதவைச் சாத்திக்கொண்டு யாரிடமோ மெதுவாகப் பேசிக்கொண்டிருந்தாள். யார் என்றதற்கு ஒரு பழைய மாணவன் என்றாள். எந்த மாணவனிடம், "பிரஷர் மாத்திரை ஒழுங்காத்தான் சாப்பிடுதாங்க" என்று ஒரு ஆசிரியை சொல்வாள்? எனக்கெதற்கு வம்பு.

செப்டம்பர் 8, வெள்ளி

கையெழுத்து கோணுகிறது. பயத்தினால் அல்ல. வரிசையாக எழுத முயல்கிறேன்.

காலையில் குளித்து, சட்டை மாற்றி, அறைச் சாவியைப் பையில் போட்டுக்கொண்டு கிளம்பத் தயாராக இருந்தேன். அழைப்பு மணி அடித்தது. திறந்தால் கோதண்டம். முட்டு வலியோடு ராத்திரி ரயிலைப் பிடித்து வந்திருக்கிறான். கையில் ஒரு துணிப்பை. என் தலையைப் பார்த்தான், பிறகு தரையைப் பார்த்தான்.

ராணி ஆச்சரியப்படவே இல்லை. தயாராகக் காபி வந்தது. காபியை வைத்துவிட்டு அவள் அடுக்களை வாசலில் நின்றுகொண்டாள். கையில் பிரஷர் பார்க்கிற கருவி.

"ஞானம்" என்று ஆரம்பித்தான். "மனுஷாளோட வாழ்க்கையிலே..."

"விஷயத்துக்கு வா."

"நாம ரெண்டு பேரும் நெறைய நல்ல காரியம் பண்ணியிருக்கோம். ஒண்ணை மட்டும் வெச்சு ஒருத்தனை எடை போடப்படாது."

"கோதண்டம், கணக்குப் போட்டியா?"

"மூணு தடவை போட்டேன்டா." துணிப்பையிலிருந்து தாள்களை எடுத்தான். அவன் கண்ணில் நீர் கட்டியிருந்தது. "ஃபோன்லே சொல்லத் தைரியம் வரலை. நாலு நாளா ராணிகிட்டதான் பேசிண்டிருக்கேன், உன் உடம்பு இதைத் தாங்குமான்னு. நீ இன்னிக்கு அறையைக் காலி பண்றேன்னு அவ சொன்னா. அதுக்கு முன்னாடி நேர்ல சொல்லிடணும்னு வந்துட்டேன். இழுக்கறதுடா."

"என்ன சொன்னே?"

"இழுக்கறது. தள்ளலை. நாம அச்சுப் போட்டது தப்பு. இத்தனை வருஷமாத் தப்பு. என்னை மன்னிச்சுக்கோடா."

நான் எழுந்தேன். உட்கார்ந்தேன். மறுபடி எழுந்தேன். அப்புறம் சிரிப்பு வந்தது. எங்கிருந்து வந்தது என்று தெரியவில்லை, நிறுத்தவும் முடியவில்லை. அவனை நாற்காலியோடு சேர்த்துக் கட்டிப்பிடித்துக்கொண்டேன். "இழுக்குதாடா? நிஜமாவா? சத்தியமா இழுக்குதா?" என்று கத்தினேன். காபி கொட்டியது. என் கண்ணீர் அவன் வழுக்கையில் விழுந்தது.

கோதண்டம் பயந்துவிட்டான். "ராணி! தண்ணி கொண்டு வாம்மா, சீக்கிரம்!"

அவள் கருவியோடு ஓடிவந்தாள். என் சட்டையைப் பிடித்து உலுக்கினாள். "அத்தான், என்னப் பாருங்க. இன்னைக்கு என்ன கிழமை?"

"வெள்ளி!" என்றேன். "செப்டம்பர் எட்டு! வேளாங்கண்ணியில திருவிழா! நூறுல ஏழு போனா தொண்ணூத்து மூணு, எண்பத்தாறு, எழுபத்தொம்பது, எழுபத்திரண்டு! இன்னும் சொல்லட்டுமா?"

"வேண்டாம்" என்றாள். அவள் முகம் இன்னும் தெளியவில்லை. "உங்க கணக்கு தப்புன்னு சொல்லுதாரு. உங்களுக்குச் சிரிப்பா வருது?"

"கட்டுரைதான் தப்பு ராணி. மண்டை சரி. என் மண்டை சரியா இருக்கு!"

நாற்காலி போட்டு ஏறி, பீரோ மேலிருந்த என் தாள்களை எடுத்து வந்தேன். ராணி நாற்காலியைப் பிடித்துக்கொண்டு திட்டினாள். அவன் தாளும் என் தாளும் பக்கத்தில் பக்கத்தில். அவன் வழக்கம் வேறு, என் வழக்கம் வேறு, ஆனால் கடைசி வரி ஒன்று. கோதண்டம் என் தாள்களின் தேதிகளைப் பார்த்தான். பிறகுதான் அவனுக்குப் புரிந்தது.

"ஆகஸ்ட் மாசமே போட்டுட்டியா? போட்டுட்டு, தலைதான் கெட்டுப்போச்சுன்னு நெனச்சுண்டு தனியா உக்காந்துண்டிருந்தியா? மடையா!"

வாழ்க்கையில் யார் திட்டியும் இவ்வளவு சுகமாக இருந்ததில்லை.

பிழை எங்கே என்று தேட அரைமணி நேரம்கூட ஆகவில்லை. ஏழாவது சமன்பாடு. அப்போது அவன் பெங்களூரில், நான் சென்னையில். முதல் பாதி நான், இரண்டாம் பாதி அவன் என்று பிரித்துக்கொண்டு, தபாலில் அனுப்பிச் சேர்த்தோம்.

"சேக்கறதுக்கு முன்னாடி என் பாதியை உன் வழக்கத்துக்கு மாத்தி அனுப்பினேனே" என்றேன். "நீ காலத்துக்கு மைனஸ் போட்டா கோவிச்சுக்குவியேன்னு."

கோதண்டம் காபி டம்ளரைக் கீழே வைத்தான். "நான் என் பாதியை உன் வழக்கத்துக்கு மாத்தினேன்டா. நீதான் பிடிவாதக்காரனாச்சே, போகட்டும்னு."

நான் அவனுக்காக மாறினேன், அவன் எனக்காக மாறினான். இரண்டு கவரும் தபாலில் ஒன்றையொன்று தாண்டிப் போயிருக்கின்றன. இரண்டு பாதியும் ஒரே வழக்கத்தில் இருக்கின்றன என்று நம்பி அப்படியே ஒட்டிவிட்டோம். அதற்கு மேல்தான் ஜப்பான்காரர்கள் மாடி கட்டியிருக்கிறார்கள்.

"நாம சண்டையே போட்டிருக்கலாம்" என்றான் கோதண்டம்.

ராணி பிரஷர் பார்த்தாள். கூடத்தான் இருந்தது. சந்தோஷ பிரஷர் என்றேன். அப்படி ஒன்று கிடையாது என்றாள். பிறகு அடுக்களைக்குப் போய்க் குழாயைத் திறந்தாள். இந்தத் தடவை எனக்குத் தெரியும். பின்னாலேயே போய் நின்றேன். கேசரிக்கு ரவை வறுக்கச் சொன்னேன்.

பத்மலோசனிக்கு ஃபோன் செய்து இன்று வரவில்லை என்றேன். "சாவி?" என்று கேட்டாள். எனக்கே வேண்டியிருக்கிறது என்றேன்.

செப்டம்பர் 9, சனி

இன்று பல் தேய்க்கும்போது லேசாக வலித்தது. பல் அல்ல. எண்பத்தொன்பதில் அந்த விடை வந்த சாயங்காலம் நானும் ராணியும் பெசன்ட் நகர் கடற்கரைக்குப் போய் மாங்காய் சுண்டல் தின்றோம். அந்தச் சந்தோஷம் தப்பான விடைக்கு. என்னைக் குறிப்பிட்டு எழுதிய அத்தனை பேரும் இனி ஒரு வரி சேர்க்க வேண்டும். சிலர் சிரிப்பார்கள், சிரிக்கட்டும். தலையா, பெயரா என்று யாராவது கேட்டிருந்தால் யோசிக்காமல் தலை என்றுதான் சொல்லியிருப்பேன். யாரும் கேட்காமலே அது என் கையில் கிடைத்திருக்கிறது.

தொடக்க உரையை மறுக்கவில்லை. அதன் தலைப்பை மட்டும் மாற்றச் சொல்லி எழுதிவிட்டேன்.

கோதண்டத்தை மதிய ரயிலில் ஏற்றிவிட்டு வந்தோம். இழுத்தால் அடுத்து என்னென்ன ஆகும் என்று ஸ்டேஷன் வரைக்கும் ஆட்டோவில் பேசிக்கொண்டே போனோம். நிறைய ஆகும்போலிருக்கிறது. இன்று இரண்டு பக்கம் போட்டேன்.

செப்டம்பர் 11, திங்கள்

இடியாப்பம், சொதி. முடி வளர்ந்து துளையை மூடிக்கொண்டு வருகிறது.

பத்திரிகைக்குத் திருத்தக் குறிப்பு எழுத வேண்டும். கோதண்டத்தை ஃபோனில் ஸ்பீக்கரில் போட்டுவிட்டு உட்கார்ந்தேன். எந்த வழக்கத்தில் எழுதுவது என்று பேச்சு வந்தது.

"உன்னோடதே இருக்கட்டும்டா" என்றான். "மைனஸே போடு. நேக்கு ஆட்சேபணை இல்லை."

"வேண்டாம், நீ வயசுல மூத்தவன். காலத்துக்கு ப்ளஸ்ஸே போட்டுடலாம்."

"சேச்சே, உடம்பு சரியில்லாதவன் நீ. நான் மாத்திக்கறேன்."

"நான் மாத்திக்கிடுதேன்னு சொல்லுதேன்லா..."

ராணி கரண்டியோடு அடுக்களையிலிருந்து வந்தாள். பள்ளி மைதானத்தில் ஆயிரம் பிள்ளைகளை வரிசையில் நிறுத்திய அதே குரல். "ரெண்டு பேரும் மாறி மாறி விட்டுக்குடுத்துத்தான் இத்தன வருசம் தப்பாக் கெடந்துது. யாராவது ஒரு ஆளு பிடிவாதமா இருந்து தொலைங்களேன்!"

நான் பேனாவை எடுத்தேன்.

"சரி, மைனஸ்" என்றேன்.

"மைனஸ்" என்றான் அவனும்.

ஃபோனை வைத்தபோதுதான் ஞாபகம் வந்தது, காலையிலிருந்து அவள் ஒரு கேள்வியும் கேட்கவில்லை. எனக்கு ஏதோ குறைந்த மாதிரி இருந்தது. அடுக்களை வாசலில் போய் நின்று, "திங்கள்" என்றேன்.

"தெரியும்" என்றாள். "குப்பை வண்டி வந்துட்டு. அந்தப் பைய எடுத்துட்டுக் கீழ போங்க."

எடுத்துக்கொண்டு போனேன்.